ஐம்பதாயிரம் அடி ஃபிலிமும் ஒரு தனி மனிதரும்
(கோலா சிலாங்கூரில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

தலைவர் அவர்களே, மேடையில் வீற்றிருக்கும் பெரியவர்களே, தமிழ்ப்பள்ளி ஆசிரியர்களே, ஈஜோக்கிலிருந்தும் ஜெராமிலிருந்தும் தஞ்சோங் காராங்கிலிருந்தும் பத்தாங் பெர்ஜுந்தையிலிருந்தும் வந்திருக்கும் தாய்மார்களே, தம்பி தங்கைகளே, உங்கள் அனைவருக்கும் என் வணக்கம்.

பத்தாங் பெர்ஜுந்தை என்று சொல்லக் கூடாது, பெஸ்தாரி ஜெயா என்று சொல்ல வேண்டும் என்று பக்கத்திலிருந்து தலைவர் திருத்துகிறார். 2007இல் பெயரை மாற்றினார்கள். பலகையில் மாறிவிட்டது, நம் வாயில்தான் இன்னும் மாறவில்லை. பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்று நான் பேச வந்தது ஆவணப்படம் எடுத்த ஒரு தமிழரைப் பற்றி. அவருக்கு ஸ்டூடியோ கிடையாது. அரசாங்க உதவி கிடையாது. நட்சத்திரங்கள் கிடையாது. அவர் எடுத்த படத்தில் அவர் முகமே கிடையாது. அவர் பெயர் ஏ. கே. செட்டியார். ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்றால் உங்களில் பெரியவர்கள் சிலருக்கு நினைவு வரும். அது அவர் எழுதிய புத்தகத்தின் பெயர். பிறகு அவருக்கே அடைமொழியாகிவிட்டது. காந்தியைப் பற்றி முதல் முழுநீள ஆவணப்படத்தை 1940இல், தமிழில், எடுத்தவர் அவர்.

செட்டிநாட்டுக்காரரைப் பற்றிக் கோலா சிலாங்கூரில் பேசுவானேன் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. அதற்கு விடை சொல்லத்தான் வந்திருக்கிறேன். கொஞ்சம் சுற்றி வருவேன், கூடவே வாருங்கள்.

முதலில் நம் தோட்டங்களை நினைத்துப் பார்ப்போம். சினிமா நமக்குப் புதிதா? இல்லையே! தோட்டத்துத் திடலில் இரண்டு கம்பம் நட்டு வெள்ளைத் துணி கட்டி எம்.ஜி.ஆர். படமும் சிவாஜி படமும் காட்டியதை இங்கே எத்தனை பேர் பாய் விரித்து உட்கார்ந்து பார்த்திருக்கிறீர்கள்! இடம் கிடைக்காதவர்கள் துணிக்குப் பின்பக்கம் உட்கார்ந்து, எம்.ஜி.ஆர். இடது கையால் வாள் வீசுவதைப் பார்த்தார்கள். அரசாங்கத் தகவல் இலாகாவின் வேனும் வரும். கொசுவை ஒழிப்பது எப்படி, அவசரகாலத்தில் அரசாங்கத்துக்கு ஒத்துழைப்பது எப்படி என்று படம் காட்டும். அந்தப் படங்களை எடுத்தது மலாயன் ஃபிலிம் யூனிட். 1946இல் பிரிட்டிஷ் ஆட்சி அமைத்தது.

ஆக, பார்த்தோம். இரண்டு தலைமுறையாகப் பார்த்தோம். ஆனால் அந்தத் திரையில் நாம் வந்தோமா? விடியற்காலைப் பெரட்டில், பேர் கூப்பிடும் வரிசையில், நின்ற நம் பாட்டி வந்தாளா? ஆயாக் கொட்டகையில் குழந்தையை விட்டுவிட்டு, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால் வெட்டப் போன நம் அம்மா வந்தாளா? வந்திருந்தால், யார் எடுத்தார்கள்? யார் பணம் போட்டார்கள்? யாருக்குக் காட்ட எடுத்தார்கள்?

இந்தக் கடைசிக் கேள்வி முக்கியமானது. 1934இல் இலங்கையைப் பற்றி ஓர் ஆவணப்படம் வந்தது. ‘சாங் ஆஃப் சிலோன்’. பாசில் ரைட் என்ற ஆங்கிலேயர் எடுத்தார். உலக ஆவணப்பட வரலாறு எழுதுகிறவர்கள் யாரும் அதைத் தாண்டிப் போக மாட்டார்கள்; 1935இல் பிரசல்ஸ் படவிழாவில் பரிசும் பெற்றது. அழகான படம், மறுக்க முடியாது. அதற்குப் பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார வாரியம். தேயிலை விற்க வேண்டும் என்பதற்காக எடுத்த படம். அதில் வருகிற தொழிலாளி எவருக்கும் பெயர் இல்லை. பேச்சும் இல்லை. தேயிலைக்கு அவர்கள் பின்னணி. ரப்பர்க் கம்பெனிக்காரன் படம் எடுத்தாலும் அப்படித்தான் எடுப்பான். அவனைக் குறை சொல்லிப் பயனில்லை. அவன் காசு, அவன் சரக்கு.

அப்படியானால் கம்பெனியும் எடுக்காமல், அரசாங்கமும் எடுக்காமல், ஒரு தனி ஆள் தன் மனத்துக்குப் பட்டதைப் படமாக்க முடியுமா? முடியும் என்று காட்டியவர்தான் செட்டியார்.

1911 நவம்பர் 4ஆம் தேதி, காரைக்குடிக்குப் பக்கத்தில் கோட்டையூரில் பிறந்தார். நகரத்தார் வீட்டுப் பிள்ளைக்கு அன்று வகுத்திருந்த வழி உங்களுக்குத் தெரியும். கப்பலேறு, ரங்கூனோ பினாங்கோ கோலாலம்பூரோ போ, கிட்டங்கியில் உட்கார்ந்து வட்டிக் கணக்கு எழுது. இவரும் கப்பலேறி ரங்கூன் போனார். ஆனால் அங்கே பிடித்தது பேனாவை. ‘தன வணிகன்’ பத்திரிகைக்கு ஆசிரியரானார். பிறகு புகைப்படம் கற்க ஜப்பான் போனார். அங்கிருந்து நியூயார்க் போய் அங்கேயும் புகைப்படக் கலை படித்தார். வட்டிக் கடைக்கு வாரிசாக வேண்டியவர் கேமராவோடு அலைகிறார் என்றால், வீட்டில் என்ன பேச்சு நடந்திருக்கும் என்பதை உங்கள் கற்பனைக்கே விட்டுவிடுகிறேன்.

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குப் போகிற கப்பல். அதில் இந்த இளைஞர். வயது இன்னும் 26 நிரம்பவில்லை. அன்று காந்தி பிறந்த நாள். நடுக்கடலில் அவருக்கு ஒரு யோசனை வந்தது: காந்தியைப் பற்றி ஒரு படம் எடுத்தால் என்ன?

யோசனை யாருக்கும் வரும். ஆனால் கவனியுங்கள்: காந்திக்குச் சினிமா என்றாலே பிடிக்காது. அதைப் பற்றிக் கேட்டவர்களுக்கு முகத்தில் அடித்தாற்போல் பதில் சொன்னவர். கேமராவுக்கு முன்னால் ‘இப்படித் திரும்புங்கள், அப்படிச் சிரியுங்கள்’ என்பதற்கெல்லாம் உடன்படாதவர். தன் பேரன் முறையான கனு காந்திக்கே படம் எடுக்க மூன்று நிபந்தனை போட்டவர்: ஃப்ளாஷ் விளக்கு கூடாது, நிற்கச் சொல்லி எடுக்கக் கூடாது, ஆசிரமத்துப் பணம் கிடையாது. இப்படிப்பட்ட ஒருவரைப் பற்றிப் படம். நாட்டை ஆளுவதோ பிரிட்டிஷ்காரன். பணமும் இல்லை. சினிமாத் துறையில் ஆளும் இல்லை. இது நடக்கிற காரியமா?

செட்டியார் கண்ட வழி எளியது. அதே சமயம் அசாத்தியமானது. காந்தியை இனிமேல் படமெடுப்பது ஒரு பகுதி வேலைதான். ஏற்கெனவே எடுத்திருப்பார்களே! 30 ஆண்டுகளாக எத்தனையோ நாட்டில் எத்தனையோ பேர் காந்தியைப் படமெடுத்திருக்கிறார்கள். 1930இல் தண்டிக்கு நடந்தபோது எடுத்திருக்கிறார்கள். அந்தப் படங்களை அரசு தடை செய்தது. ஆகவே சுருள்கள் எங்கோ ஒளிந்து கிடக்கும். 1931இல் லண்டன் வட்டமேசை மாநாட்டுக்குப் போனபோது செய்திப்படக்காரர்கள் துரத்தித் துரத்தி எடுத்திருக்கிறார்கள். தென்னாப்பிரிக்காவில் அவர் வாழ்ந்த இடங்கள் இருக்கின்றன. அவரோடு பழகியவர்கள் உயிரோடு இருக்கிறார்கள். எல்லாவற்றையும் தேடு. இருக்கும் இடத்துக்குப் போ. விலைக்கு வாங்கு, இல்லையென்றால் கெஞ்சி வாங்கு. ஒன்றாகச் சேர்.

மூன்று ஆண்டுகள். நான்கு கண்டங்கள். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல். பூமியைச் சுற்றி வந்தால் இருபத்தையாயிரம் மைல்தான். அப்படியானால் நான்கு முறை சுற்றிய தூரம். அதுவும் பெரும்பாலும் கப்பலிலும் ரயிலிலும். ஏறக்குறைய நூறு ஒளிப்பதிவாளர்கள் முப்பது ஆண்டுக் காலத்தில் எடுத்த படச்சுருள்கள், சுமார் 50,000 அடி. ஒவ்வொரு மரமாக நின்று மங்கிலிருந்து வாளிக்குப் பால் சேர்த்தவர்கள் நாம்; துளித்துளியாகச் சேர்ப்பது எப்படிப்பட்ட வேலை என்று நமக்கு விளக்கத் தேவையில்லை.

50,000 அடி என்றால் எவ்வளவு? இளைஞர்கள் கைப்பேசியில் எடுக்கிறவர்கள், அடிக்கணக்கு தெரியாது. 35 மில்லிமீட்டர் ஃபிலிம் பேசும்பட வேகத்தில் ஒரு நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 50,000 அடியை உட்கார்ந்து பார்க்க ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதிலிருந்து செட்டியார் எடுத்துக்கொண்டது 12,000 அடி. இரண்டேகால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. கஷ்டப்பட்டுச் சேர்த்ததில் நான்கில் மூன்று பங்கை ஒதுக்கிவைத்தார். சேர்ப்பதற்கு உழைப்பு வேண்டும்; ஒதுக்குவதற்கு நெஞ்சுரம் வேண்டும். கல்யாண வீடியோ எடுத்துக் கொடுக்கிற தம்பிகள் இங்கே இருந்தால் இதைக் கவனிக்கவும். நாலு மணி நேரம் யார் ஐயா பார்ப்பது?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்தக் காலத்து 35 மில்லிமீட்டர் ஃபிலிம் பெரும்பாலும் நைட்ரேட் ஃபிலிம். பார்க்கச் சாதுவாக இருக்கும். பொறி பட்டால் போதும், பிடித்துக்கொள்ளும். தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. வெப்பத்தில் வைத்தால் முதலில் மஞ்சளாகும், பிறகு பிசுபிசுக்கும், தேன்போல ஒட்டும், கடைசியில் பழுப்புத் தூளாகிவிடும். இந்தச் சரக்கைத் தகர டப்பாக்களில் அடைத்துக்கொண்டு, ஐரோப்பாவில் போர் மூளப்போகிற வேளையில், துறைமுகம் துறைமுகமாக ஓர் இளைஞர் போகிறார். சுங்க அதிகாரி டப்பாவைத் திறக்கச் சொல்கிறான். உள்ளே யார் படம்? பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தின் எதிரியின் படம்!

கொண்டுவந்து சேர்த்தாலும் வேலை முடியவில்லை. மௌனப்படக் காலத்துச் சுருள் மெதுவான வேகத்தில் எடுத்தது. அதைப் பேசும்பட வேகத்தில் ஓட்டினால் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுவார்கள். காந்தி இயல்பிலேயே வேகமாக நடப்பவர். திரையில் அவர் சார்லி சாப்ளின் போல ஆகிவிடக் கூடாது அல்லவா? ஒருவர் எடுத்தது வெளிச்சம் கூடியது. இன்னொருவர் எடுத்தது மங்கல். ஒருவர் தூரத்திலிருந்து எடுத்தார். ஒருவர் கூட்டத்துக்குள் இடிபட்டுக்கொண்டு எடுத்தார். நூறு கைகள், நூறு பார்வைகள். இதை ஒரே படமாக்க வேண்டும். விளக்க உரை எழுத வேண்டும், இசை சேர்க்க வேண்டும். டி. கே. பட்டம்மாள் இந்தப் படத்துக்காகப் பாடினார்.

1940 ஆகஸ்டில் சென்னையில் படம் வெளியானது. தமிழில். பிறகு தெலுங்கு விளக்கத்துடனும் வந்தது. நினைத்துப் பாருங்கள்: காந்தியின் முழு வாழ்க்கையை முதன்முதலாகத் திரையில் பார்க்கும் பேறு குஜராத்திக்காரருக்கோ இந்திக்காரருக்கோ கிடைக்கவில்லை. தமிழருக்குத்தான் கிடைத்தது. செட்டியாருக்கு அப்போது வயது 28.

இனி அவருடைய பாணி. படமெடுத்தவரைப் பற்றிப் பேசிவிட்டுப் பாணியைப் பற்றிப் பேசாமல் போனால் அது சரியில்லை.

ஆவணப்படம் எடுப்பவர்களில் தன்னை முன்னிறுத்துகிறவர்கள் உண்டு. கேமராவுக்கு முன்னால் வந்து நின்று, தான் கேள்வி கேட்பதையும் கோபப்படுவதையும் படமாக்குவார்கள். செட்டியார் அதற்கு நேர் எதிர். அவர் எழுத்தைப் படித்தவர்களுக்குத் தெரியும்; சின்னச் சின்ன வாக்கியம். வர்ணனை கிடையாது. உணர்ச்சிப் பெருக்கு கிடையாது. உலகமே சுற்றியவர், ‘நான்’ என்ற சொல்லை எண்ணி எண்ணிச் செலவழித்தார். சிரிப்பு வரும், ஆனால் அவர் சிரிக்க மாட்டார். கண்டதைச் சொல்வார், கேட்டதைச் சொல்வார், விலகிக்கொள்வார். காந்திப் படம் எடுத்த கதையை ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்று எழுதினார். இத்தனை அலைச்சலுக்குப் பிறகு இன்னொருவர் எழுதியிருந்தால் தன் வீரப்பிரதாபமாக இருந்திருக்கும். இவர் எழுதியதில் உதவி செய்தவர்கள்தான் நிறைந்திருக்கிறார்கள்.

அவர் அடிப்படையில் சேகரிப்பவர். படம் எடுத்தபோதும் சேகரித்தார். பத்திரிகை நடத்தியபோதும் சேகரித்தார். 1943 முதல் தாம் இறந்த 1983 வரை நாற்பது ஆண்டுகள் ‘குமரி மலர்’ என்ற மாத இதழை நடத்தினார். அதில் பழைய பத்திரிகைகளில் மறைந்து கிடந்தவற்றைத் தோண்டி எடுத்துப் போட்டார். தமிழ்நாட்டைப் பற்றிய நூறாண்டுப் பழைய பயணக் கட்டுரைகளைத் தேடித் தொகுத்து 1968இல் புத்தகமாக்கினார். அடுத்தவர் எடுத்த படம், அடுத்தவர் எழுதிய எழுத்து. இவர் தேடுவார், தேர்வார், வரிசைப்படுத்துவார். அந்த வரிசையில்தான் அவர் கையெழுத்து இருக்கிறது. ரஷ்யாவில் எஸ்ஃபிர் ஷூப் என்ற பெண்மணி 1927இல் ஜார் மன்னர் குடும்பத்தின் பழைய படச்சுருள்களை வெட்டி ஒட்டி, மன்னராட்சி வீழ்ந்த கதையைப் படமாக்கினார். தமிழில் அந்த வித்தையைச் செய்தவர் செட்டியார்.

குறை இல்லையா? இருக்கிறது. இது பக்தர் எடுத்த படம். காந்தியோடு முரண்பட்டவர்களின் குரலை அதில் தேடக் கூடாது. ஆவணப்படம் கேள்வி கேட்க வேண்டும் என்று நினைக்கிறவன் நான். அந்த விதத்தில் இது எனக்கு முழு நிறைவு தருகிற படம் இல்லை. ஆனாலும் ஒன்று சொல்வேன். அவர் சேர்க்காமல் இருந்திருந்தால் கேள்வி கேட்பதற்குக்கூடப் பல சுருள்கள் இருந்திருக்காது.

பிறகு படம் என்ன ஆனது? இங்கேதான் மனது கனக்கிறது. போர்க்காலம், அடுத்து வந்தது 1942 ‘வெள்ளையனே வெளியேறு’ போராட்டம். காந்தி படத்தை அன்று யார் பயமில்லாமல் திரையிடுவார்கள்? விடுதலை வந்த நேரத்தில் டில்லியில் காட்டினார்கள். 1953இல் ஹாலிவுட்டில் ஆங்கிலத்தில் சுருக்கிய வடிவம் ஒன்று வந்தது. அதற்குப் பின் எல்லாரும் மறந்தார்கள். எப்படி மறந்தார்கள் தெரியுமா? காந்தியைப் பற்றி எத்தனையோ படம் வந்தது, ஆட்டன்பரோ படம் வந்தது, ஆஸ்கார் வந்தது. முதலில் எடுத்த தமிழரின் படம் எங்கே என்று கேட்க ஆளில்லை. பல ஆண்டுகள் கழித்து, வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடத் தொடங்கினார். ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ நூலைப் பதிப்பித்தவரும் அவர்தான். தேடித் தேடி, அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஒரு பிரதியைக் கண்டுபிடித்தார். அதுவும் சுருக்கிய ஆங்கில வடிவம். தமிழ்ப்படம் கிடைக்கவில்லை.

தமிழில் எடுத்த படம். தமிழர் எடுத்த படம். தமிழர்கள் காசு கொடுத்துப் பார்த்த படம். தமிழ்நாட்டில் ஒரு பிரதியும் இல்லை. எங்கோ ஒரு வெளிநாட்டு நூலகம் அலமாரியில் வைத்திருந்ததால்தான் இந்த அளவாவது தப்பியது.

சரி, சுற்றியது போதும். ஊருக்குத் திரும்புவோம்.

ஆவணப்படத்தால் என்ன ஆகிவிடும், சோறு போடுமா என்று கேட்கிறவர்கள் உண்டு. நமக்குப் பக்கத்திலேயே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. உலு சிலாங்கூரில் பத்தாங் காலி. அங்கே சுங்கை ரெமோக் ரப்பர்த் தோட்டம். 1948 டிசம்பர் 12ஆம் தேதி, ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படைப்பிரிவைச் சேர்ந்த பிரிட்டிஷ் சிப்பாய்கள் ஆயுதம் ஏதுமில்லாத 24 சீனத் தொழிலாளர்களைச் சுட்டுக் கொன்றார்கள். தப்பி ஓடியவர்களைச் சுட்டோம் என்று அரசாங்கம் சொன்னது. 1970இல் அந்தச் சிப்பாய்களில் சிலரே மனம் பொறுக்காமல் ஒரு பத்திரிகையில் உண்மையைச் சொன்னார்கள். விசாரணை தொடங்கியது, பிரிட்டனில் ஆட்சி மாறியதும் கைவிட்டார்கள். 1992இல் பி.பி.சி. ‘இன் கோல்டு பிளட்’ என்ற ஆவணப்படத்தை எடுத்தது. கணவனை இழந்த மூதாட்டிகள் கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்து பேசினார்கள். அவ்வளவுதான். மூடிய கோப்பு மறுபடி திறந்தது. வழக்கு நடந்து நடந்து 2015இல் பிரிட்டனின் உச்ச நீதிமன்றம்வரை போனது. நீதிமன்றம் விசாரணைக்கு உத்தரவிடவில்லை என்பது வேறு. ஆனால் ஓடியவர்களைச் சுட்டோம் என்ற பழைய கதையை இன்று சொல்லிக்கொண்டு யாரும் தலைநிமிர்ந்து நடக்க முடியாது. பி.பி.சி. பெரிய நிறுவனம்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தப் படத்துக்கு உயிர் கொடுத்தது எது? பத்தாங் காலிக்காரர்கள் நினைவில் வைத்திருந்தார்கள், பெயர்களை வைத்திருந்தார்கள், கேட்டவுடன் சொன்னார்கள்.

தனி ஆளாக எடுத்தவர்களும் இந்த நாட்டில் உண்டு. அமீர் முஹம்மது ‘லெலாக்கி கொமுனிஸ் தெராக்கிர்’, அதாவது கடைசிக் கம்யூனிஸ்ட், என்று மலாயாக் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் சின் பெங்கைப் பற்றிப் படம் எடுத்தார். வேடிக்கை என்னவென்றால் படத்தில் சின் பெங்கே வர மாட்டார். அவர் வாழ்ந்த ஊர்களுக்குப் போய், இன்று அங்கே இருக்கிற சாதாரண மக்களைப் பேசவிட்டு, நடுநடுவே பாட்டுப் பாடவைத்து எடுத்த படம். செட்டியார் இருப்பதையெல்லாம் சேர்த்தார். அமீர் இல்லாததைச் சுற்றி வந்தார். இரண்டும் ஆவணப்படம்தான். 2006இல் அதை இங்கே தடை செய்தார்கள். அதனால் என்ன, ஆட்கள் ஓய்ந்துவிட்டார்களா? 2003இல் கோமாஸ் அமைப்பு தொடங்கிய ஃப்ரீடம் ஃபிலிம் ஃபெஸ்ட் விழா, முதல் படம் எடுக்கிற இளைஞர்களுக்கு உதவித்தொகையும் கொடுத்து வந்திருக்கிறது. தம்பிகளே, காசில்லை என்று சொல்வதற்கு முன் விண்ணப்பித்துப் பாருங்கள்.

நம் பாட்டன்மார் பலரை விழுங்கிய சயாம் மரண ரயிலைப் பற்றிக் குறிஞ்சிவேந்தன் ஆவணப்படம் எடுத்தார். 1942, 43இல் ஜப்பான்காரன் இந்தத் தோட்டங்களிலிருந்து லாரியில் ஏற்றிக்கொண்டு போனவர்களின் கதை அது. எப்போது எடுத்தார்? எழுபது ஆண்டுகள் கழித்து! போய்த் திரும்பியவர்களில் எத்தனை பேர் அப்போது உயிரோடு இருந்தார்கள்? நாற்பது ஆண்டு முன்னால் எடுத்திருந்தால் எத்தனை குரல் கிடைத்திருக்கும்!

1941இல் கிள்ளானில் தொடங்கிச் சிலாங்கூர் முழுக்கப் பரவிய தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் தலைவர் ஆர். எச். நாதனைக் கைது செய்தார்கள். துருப்புகள் வந்தன. துப்பாக்கிச் சூடு நடந்தது. கோரிக்கைகளில் ஒன்று என்ன தெரியுமா? தொரை வரும்போது தொழிலாளி சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கத்தை ஒழிக்க வேண்டும் என்பது. சம்பளம் கேட்டார்கள், அதோடு மரியாதையும் கேட்டார்கள். சைக்கிளிலிருந்து இறங்க மறுத்த முதல் மனிதன் யார்? அவனுக்கு ஒரு முகம் இருந்திருக்கும். ஒரு பெயர் இருந்திருக்கும். இந்த மண்டபத்தில் இருக்கும் யாருக்காவது அவன் கொள்ளுத்தாத்தாவாகக்கூட இருக்கலாம்.

இப்போது சொல்கிறேன், ஏன் கோலா சிலாங்கூரில் செட்டியாரைப் பற்றிப் பேசுகிறேன் என்று. இந்த ஊருக்குச் சுற்றுலாக்காரர்கள் வருகிறார்கள். புக்கிட் மெலாவாத்தியில் கலங்கரை விளக்கத்தையும் குரங்குகளையும் படமெடுக்கிறார்கள். கம்போங் குவாந்தானில் படகில் போய் மின்மினிப் பூச்சியைப் படமெடுக்கிறார்கள். எடுக்கட்டும், நல்லதுதான். மின்மினிக்கு இருக்கிற படத்தில் நூற்றில் ஒரு பங்கு நம் லய வீடுகளுக்கு இருக்குமா? மேரி, நைஜல் கார்ட்னர், புக்கிட் தகார், சுங்கை திங்கி, மின்யாக். இந்த ஐந்து தோட்டத்துக் குடும்பங்கள் தோட்டம் கைமாறிய பிறகு, சொந்த வீட்டுக்காக ஆண்டுக்கணக்கில் மனுக் கொடுத்துக்கொண்டே இருந்தார்கள். கூட்டம், மறியல், பேச்சுவார்த்தை, வாக்குறுதி. அந்த முழுக் கதையையும் தொடக்கம் முதல் யார் படமாக்கிச் சேர்த்துவைத்திருக்கிறார்கள்? ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. செம்பனை போய் வீடமைப்பு வந்தது. கோயில் இடம் மாறியது, பள்ளி இடம் மாறியது. ‘இங்கேதான் லயம் இருந்தது’ என்று பேரப்பிள்ளையைக் கூட்டிப்போய்க் காட்டக்கூட நமக்கு இடம் இல்லை.

கேமரா இல்லை என்ற சாக்கு இனிச் செல்லாது; எல்லார் சட்டைப்பையிலும் கேமரா இருக்கிறது. சேகரிக்கிற ஆள்தான் இல்லை. பொருள் இல்லாமலும் இல்லை. தீமிதித் திருவிழா வீடியோ கேசட் எத்தனை வீட்டில் கிடக்கிறது! பூசணம் பிடித்துக்கொண்டிருக்கிறது, அதை ஓட்டுகிற மிஷினும் அரிதாகிக்கொண்டிருக்கிறது. தண்டலும் கிராணியும் நாற்காலியில் உட்கார, தொழிலாளிகள் பின்னால் நிற்க எடுத்த குரூப் போட்டோ இருக்கிறது. பெரட்டுப் புத்தகம், செக்ரோல் சீட்டு, சங்கத்து அட்டை, ஆயாக் கொட்டகையில் எடுத்த ஒரே ஒரு படம். பழைய ரொட்டி டின்னில் கிடக்கும். வீடு மாறும்போது முதலில் குப்பைக்குப் போவது அந்த டின்தான். செட்டியார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். நமக்கு அவ்வளவு தூரம் வேண்டாம். தஞ்சோங் காராங்கிலிருந்து ராவாங்வரை போய் வந்தால் போதும்.

‘மலேயா முதல் கானடா வரை’ என்று ஒரு புத்தகமும் எழுதியவர் செட்டியார். அவர் இன்று இருந்து இந்த ஊருக்கு வந்திருந்தால் மின்மினி பார்க்கப் போகும் முன், ‘பழைய படம் ஏதாவது இருக்கிறதா?’ என்றுதான் கேட்டிருப்பார்.

ஆகவே உங்களிடம் என் வேண்டுகோள் இது. ஆசிரியர்களே, ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு வேலை கொடுங்கள்: வீட்டில் இருக்கும் மிக மூத்தவரை அரை மணி நேரம் பேசவிட்டுக் கைப்பேசியில் பதியச் சொல்லுங்கள். பதிவின் தொடக்கத்தில் அவர் பெயர், தோட்டத்தின் பெயர், தேதி மூன்றையும் பிள்ளை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். இளைஞர்களே, கேசட்டுகளை இந்த ஆண்டே கணினிக்கு மாற்றுங்கள். ஒரே இடத்தில் வைக்காதீர்கள், மூன்று பிரதி மூன்று வீட்டில் இருக்கட்டும். தாய்மார்களே, இன்று இரவு வீட்டுக்குப் போனதும் அந்த டின்னை இறக்குங்கள். ஒவ்வொரு படத்தையும் திருப்பி, பின்னால் பென்சிலால் எழுதுங்கள். பேனா வேண்டாம், மை முன்பக்கம் ஊறிவிடும். யார் யார் நிற்கிறார்கள், எந்தத் தோட்டம், எந்த வருஷம். தெரிந்த அளவு எழுதுங்கள். மீதியைப் பக்கத்து வீட்டு அக்காவிடம் கேட்டு எழுதுங்கள். அவரை நாளைக்கே கேட்டுவிடுங்கள்.